சங்கம் கேட்கலாம், வழியை மறிக்கலாமா? சிறு தொழில் உரிமையாளருக்குச் சட்டம் தரும் பாதுகாப்பு

ஒரு சிறு கடையின் முன் சரக்கு லாரி வந்து நிற்பதாக வைத்துக்கொள்வோம். கடையின் ஊழியர்கள் இருவர் பெட்டிகளை இறக்கத் தொடங்குகிறார்கள். அப்போது நான்கு பேர் வந்து, "இந்த வட்டாரத்தில் ஏற்றுவதும் இறக்குவதும் எங்கள் சங்கத்து வேலை. நாங்கள்தான் இறக்குவோம், இல்லையென்றால் எங்கள் கூலியைக் கொடுத்துவிட்டு நீங்களே இறக்கிக்கொள்ளுங்கள்" என்கிறார்கள். உரிமையாளர் காவல் நிலையத்துக்குப் போகிறார். "இது யூனியன் விவகாரம், லேபர் ஆபீசில் பேசிக்கொள்ளுங்கள்" என்று பதில் வருகிறது. தொழிலாளர் துறை அலுவலகத்துக்குப் போனால், "அவர்கள் உங்களிடம் வேலை பார்ப்பவர்கள் இல்லையே, காவல் நிலையத்துக்குத்தான் போக வேண்டும்" என்கிறார்கள். லாரிக்குக் காத்திருப்புக் கட்டணம் ஏறிக்கொண்டே இருக்கிறது. பொழுது சாய்வதற்குள் கேட்ட தொகையில் பாதியைக் கொடுத்து அவர் காரியத்தை முடித்துக்கொள்கிறார்.

இப்படி நடக்கும்போதெல்லாம் இரண்டு கருத்துகள் உலவுகின்றன. சங்கத்துக்காரர்களைச் சட்டம் ஒன்றும் செய்யாது என்பது ஒன்று. தன் கடை, தன் முதல் என்பதால் அங்கே சங்கம் என்ற பேச்சே எழக்கூடாது என்பது மற்றொன்று. இரண்டுமே தவறு. இந்தியச் சட்டம் சங்கத்துக்கு உண்மையிலேயே ஒரு பாதுகாப்பைக் கொடுத்திருக்கிறது. அந்தப் பாதுகாப்புக்கு ஓர் எல்லையையும் போட்டிருக்கிறது. அந்த எல்லை, செய்தவர் யார் என்பதை வைத்துப் போடப்பட்டதன்று. செய்த செயல் என்ன என்பதை வைத்துப் போடப்பட்டது. சிறு உரிமையாளர்களில் பலர் உதவி கிடைக்காமல் அலைவதற்கு, செயலைச் சொல்லாமல் சங்கத்தையே குறையாகச் சொல்வது ஒரு பெரிய காரணம் என்பது என் கருத்து.

வாசலில் நிற்கும் இரண்டு பேர்

ஒரு கடையின் வாசலில் இரண்டு பேர் நிற்கிறார்கள். முதலாமவர் கையில் ஓர் அட்டை இருக்கிறது. "இங்கே வேலை செய்தவர்களுக்கு மூன்று மாதமாகச் சம்பளம் தரவில்லை, தயவுசெய்து இங்கே வாங்காதீர்கள்" என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்கிறார். இரண்டாமவர் எதுவும் பேசுவதில்லை. கதவுக்குக் குறுக்கே கையை நீட்டிக்கொண்டு நிற்கிறார்.

முதலாமவரால் கடைக்கு அதிக நட்டம் வரலாம். அவர் பேச்சைக் கேட்டு ஐம்பது பேர் திரும்பிப் போகலாம். இரண்டாமவர் தடுத்தவர்கள் ஐந்து பேராக இருக்கலாம். ஆனாலும் சட்டம் முதலாமவரைப் பெரும்பாலும் விட்டுவிடும், இரண்டாமவரைத்தான் பிடிக்கும். இங்கே நட்டம் அளவுகோல் அன்று. முதலாமவர் முடிவை வாடிக்கையாளரிடமே விட்டுவிட்டார். இரண்டாமவர் அந்த முடிவைப் பறித்துக்கொண்டார்.

அரசியலமைப்பின் 19ஆவது பிரிவில் இந்த இரு பக்கமும் அருகருகே இருக்கின்றன. சங்கம் அமைக்கும் உரிமையை 19(1)(சி) தருகிறது. தொழிலோ வணிகமோ நடத்தும் உரிமையை 19(1)(ஜி) தருகிறது. இரண்டுக்கும் நியாயமான கட்டுப்பாடுகளை விதிக்க அரசுக்கு அதிகாரம் உண்டு. சங்கம் அமைக்கும் உரிமைக்குள் வேலைநிறுத்த உரிமை தானாக அடங்கிவிடாது என்று அகில இந்திய வங்கி ஊழியர் சங்க வழக்கில் உச்ச நீதிமன்றம் 1961இல் கூறியது. ஆகவே வேலைநிறுத்தம் அடிப்படை உரிமை அன்று. சட்டங்கள் ஒப்புக்கொண்டு, வரையறைகளோடு அனுமதித்திருக்கும் உரிமை. அடுத்த ஆண்டு, 1962இல், காமேஷ்வர் பிரசாத் வழக்கில், அமைதியான ஆர்ப்பாட்டம் பேச்சுரிமைக்குள் வரும் என்றும் நீதிமன்றம் சொன்னது. ஆனால் அந்த ஆர்ப்பாட்டத்தை முதலாளியின் இடத்துக்குள்ளேயே நடத்த உரிமை கிடையாது என்பது 1969ஆம் ஆண்டின் ரயில்வே வாரிய வழக்கில் தெளிவாயிற்று. சாலையோரத்தில் நின்று முழக்கமிடுவதும், கடைக்குள் புகுந்து கல்லாப்பெட்டி அருகே உட்கார்ந்துகொள்வதும் சட்டத்தின் பார்வையில் வெவ்வேறு செயல்கள்.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால், எடுத்துச் சொல்லி மனத்தை மாற்றப் பார்ப்பது உரிமைக்குள் வரும். உடலாலோ அச்சத்தாலோ வழியை அடைப்பது வராது.

சங்கத்துக்குச் சட்டம் பிடித்த குடை

சங்கங்களுக்கு எதற்காகத் தனிப் பாதுகாப்பு என்று கேட்கிறவர்களுக்குச் சென்னையின் வரலாற்றிலேயே விடை இருக்கிறது. 1918இல் பி. பி. வாடியா, திரு.வி.க. போன்றோரின் முயற்சியால் சென்னைத் தொழிலாளர் சங்கம் உருவானது. இந்தியாவில் முறையாக அமைக்கப்பட்ட முதல் தொழிற்சங்கமாக அதையே பலரும் குறிப்பிடுகிறார்கள். பக்கிங்காம் ஆலையில் தகராறு முற்றியபோது நிர்வாகம் சென்னை உயர் நீதிமன்றத்தில் வாடியா உள்ளிட்டோர் மீது வழக்குத் தொடுத்தது. தொழிலாளர்களைத் தூண்டி வேலை ஒப்பந்தத்தை மீறச் செய்தார்கள் என்பதே குற்றச்சாட்டு. நீதிமன்றமும் தலைவர்களுக்குத் தடை விதித்தது. அன்றைய சட்டப்படி அந்தத் தீர்ப்பில் விநோதம் ஏதுமில்லை. ஒருவரை ஒப்பந்தம் மீறத் தூண்டினால் நட்டஈடு கொடுக்க வேண்டும் என்பது பொதுவிதி. வேலைநிறுத்தம் செய்யச் சொல்வதும் அந்த விதிக்குள் சிக்கிக்கொண்டது. அப்படியே விட்டிருந்தால் எந்தச் சங்கத் தலைவரும் வாயைத் திறந்திருக்க முடியாது. மத்திய சட்டமன்றத்தில் தொழிலாளர் பிரதிநிதியாக இருந்த என். எம். ஜோஷி இதற்காகத் தீர்மானம் கொண்டுவந்தார். அந்த முயற்சியின் தொடர்ச்சியாக 1926இல் இந்தியத் தொழிற்சங்கச் சட்டம் பிறந்தது.

அந்தச் சட்டத்தின் 17, 18ஆம் பிரிவுகள்தாம் சங்கத்துக்குக் கிடைத்த குடை. சங்கத்தின் நோக்கங்களுக்காக உறுப்பினர்கள் தமக்குள் உடன்பாடு செய்துகொண்டால், அதைக் குற்றச் சதி என்று தண்டிக்க முடியாது என்கிறது 17ஆவது பிரிவு. ஆனால் அந்த உடன்பாடு ஒரு குற்றத்தைச் செய்வதற்கான உடன்பாடாக இருந்தால் இந்த விலக்கு கிடையாது என்று அதே வரியில் சொல்லிவிடுகிறது. தொழில் தகராறு ஒன்றை முன்னிட்டுச் செய்யப்படும் செயல், வேலை ஒப்பந்தத்தை மீறத் தூண்டுகிறது என்பதற்காகவோ, ஒருவரின் வணிகத்தில் தலையிடுகிறது என்பதற்காகவோ மட்டும் உரிமையியல் வழக்குக்கு ஆளாகாது என்கிறது 18ஆவது பிரிவு. தொழில் தகராறு என்றால் வேலை கொடுப்பது, கொடுக்காதது, வேலையின் நிபந்தனைகள் ஆகியவை பற்றி எழும் தகராறு.

2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்த, 2020ஆம் ஆண்டின் தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பு, 1926ஆம் ஆண்டுச் சட்டத்தையும் 1947ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டத்தையும் நீக்கி அவற்றின் இடத்தைப் பிடித்திருக்கிறது. பெயரும் பிரிவு எண்களும் மாறினாலும் குடை மாறவில்லை. இந்த இரு விலக்குகளும் புதிய தொகுப்பிலும் இருக்கின்றன. பல பத்தாண்டுகளின் தீர்ப்புகள் பழைய பிரிவுகளை வைத்தே எழுதப்பட்டவை என்பதால் வழக்கறிஞர்கள் இன்னும் சில காலம் 17, 18 என்றே பேசுவார்கள். அதைக் கேட்டுக் குழம்ப வேண்டியதில்லை.

குடை எங்கே முடிகிறது

குடை மழைக்காகப் பிடிப்பது. அதன் கம்பியால் பக்கத்தில் நடப்பவர் கண்ணைக் குத்திவிட்டு, நான் குடைதானே பிடித்தேன் என்று சொல்ல முடியாது. 18ஆவது பிரிவில் இருக்கும் "மட்டும்" என்ற சொல்லின் பொருள் இதுதான். வணிகம் பாதிக்கப்பட்டது என்பதற்காக மட்டும் வழக்குப் போட முடியாது. அந்தப் பாதிப்பு அடிதடி, மிரட்டல், அத்துமீறி நுழைதல், சொத்தைச் சேதப்படுத்துதல் போன்ற, தன்னளவிலேயே சட்டவிரோதமான வழியில் வந்திருந்தால் விலக்கு உதவாது.

இதை நீதிமன்றம் உரக்கச் சொன்ன வழக்கு மேற்கு வங்கத்தில் எழுந்தது. 1967இல் அங்கே கெரோ என்ற போராட்ட முறை பரவியது. மேலாளரைச் சூழ்ந்துகொண்டு, கோரிக்கைக்கு இசையும்வரை அறையைவிட்டு வெளியே விடாமல் மணிக்கணக்கில் நிறுத்திவைப்பதே கெரோ. அந்த ஆண்டு மாநில அரசு, கெரோ நடக்கும் இடத்துக்குக் காவல் துறை போவதற்கு முன் தொழிலாளர் அமைச்சரின் வழிகாட்டுதலைப் பெற வேண்டும் என்று சுற்றறிக்கை அனுப்பியது. ஜெய் இன்ஜினியரிங் நிறுவனம் தொடுத்த வழக்கில் கல்கத்தா உயர் நீதிமன்றம் அந்தச் சுற்றறிக்கைகளை ரத்து செய்தது. ஒருவரை அடைத்துவைப்பது குற்றம். அதைச் செய்தவர் சங்க உறுப்பினர் என்பதால் அது குற்றமாகாமல் போய்விடாது. குற்றம் நடக்கும்போது தலையிடும் கடமையைக் காவல் துறையிடமிருந்து ஒரு சுற்றறிக்கையால் எடுத்துவிடவும் முடியாது. "யூனியன் விவகாரம், நாங்கள் வர முடியாது" என்ற பதிலுக்கு எதிராகச் சொல்ல வேண்டிய சட்ட நிலையும் இதுவே.

குடைக்குள்ளேயே அடங்கும் பகுதியும் உண்டு என்பதைச் சிறு உரிமையாளர்கள் மறந்துவிடக் கூடாது. வேலைநிறுத்தத்தால் தனக்கு இவ்வளவு நட்டம், அதைத் தொழிலாளர்களிடமிருந்து வாங்கித் தர வேண்டும் என்ற கோரிக்கை, ரோத்தாஸ் நிறுவன வழக்கில் 1976இல் உச்ச நீதிமன்றம்வரை போனது. அந்த வேலைநிறுத்தம் சட்டவிரோதமானது என்று கருதப்பட்ட பிறகும், நட்டஈடு கிடைக்காது என்றே தீர்ப்பு வந்தது. சட்டவிரோத வேலைநிறுத்தத்துக்குச் சட்டமே தண்டனை வகுத்திருக்கும்போது, அதற்கு மேல் நட்டஈட்டையும் சேர்க்க இடமில்லை என்பதே அதன் சாரம். வேலைக்கு வராததால் வந்த நட்டத்துக்கும் வழியை அடைத்ததால் வந்த நட்டத்துக்கும் இடையிலுள்ள வேறுபாட்டை இந்தத் தீர்ப்போடு சேர்த்துப் படிக்க வேண்டும்.

நிற்பவர் உங்கள் ஊழியரா, வெளியாளா?

இந்தக் கேள்விக்கு விடை தெரியாமல் அடுத்த அடி எடுத்து வைக்கக் கூடாது. ஏனெனில் இரண்டுக்கும் போகவேண்டிய பாதை வேறு.

சொந்த ஊழியர்கள் சங்கம் வைத்துக் கோரிக்கை எழுப்பினால் அது தொழில் தகராறு. ஏழு பேர் சேர்ந்தாலே சங்கத்தைப் பதிவு செய்ய விண்ணப்பிக்கலாம். சங்கம் சேரும் உரிமை பெரிய ஆலைத் தொழிலாளருக்கு மட்டும் உரியதன்று. சிறு பட்டறை ஊழியருக்கும் உண்டு. புதிய தொகுப்பின்படி, எந்தத் தொழில் நிறுவனத்திலும் வேலைநிறுத்தத்துக்குப் பதினான்கு நாள் முன்னறிவிப்புக் கொடுக்க வேண்டும். முன்பு இந்தக் கட்டாயம் பொதுப் பயன்பாட்டுச் சேவைகளுக்கு மட்டுமே இருந்தது. சமரச அலுவலர் முன் பேச்சு நடக்கும் காலத்திலும் அது முடிந்து ஏழு நாள்வரையிலும் வேலைநிறுத்தம் கூடாது. சமரச அலுவலர் என்பவர் இரு தரப்பையும் உட்காரவைத்துப் பேசி முடிக்கத் தொழிலாளர் துறை நியமிக்கும் அதிகாரி. ஐம்பது விழுக்காட்டினரோ அதற்கு மேலோ ஒரே நாளில் பேசிவைத்துக்கொண்டு தற்செயல் விடுப்பு எடுத்தாலும் அது வேலைநிறுத்தமாகவே கருதப்படும். விதியை மீறி வேலைநிறுத்தம் செய்யும் தொழிலாளிக்கு ஆயிரம் முதல் பத்தாயிரம் ரூபாய்வரை அபராதமோ, ஒரு மாதம்வரை சிறையோ, இரண்டுமோ விதிக்கப்படலாம்.

அதே தொகுப்பின் இரண்டாம் அட்டவணை, நியாயமற்ற தொழில் நடைமுறைகள் என்ற தலைப்பில், இரு தரப்பும் செய்யக்கூடாதவற்றைப் பட்டியலிடுகிறது. வேலைக்கு வர விரும்புகிற ஊழியரை உடலால் தடுக்கும் மறியல், நிர்வாகத்தினரைச் சூழ்ந்து அடைத்தல், வேண்டுமென்றே வேலையின் வேகத்தைக் குறைத்தல், முதலாளியின் வீட்டு முன் ஆர்ப்பாட்டம் செய்தல் ஆகியவை சங்கத்தின் பக்கத்தில் இருக்கின்றன. வீட்டு முன் ஆர்ப்பாட்டம் என்பது இந்தப் பட்டியலில் இருப்பதே பலருக்குத் தெரியாது.

இனி வெளியாட்கள். கட்டுரையின் தொடக்கத்தில் லாரியை மறித்த நால்வரும் அந்தக் கடையின் ஊழியர்கள் இல்லை. அவர்கள் அங்கே வேலையை நிறுத்தவில்லை. நிறுத்துவதற்கு அவர்களுக்கு அங்கே வேலையே இல்லை. ஆகவே அதை வேலைநிறுத்தம் என்று அழைப்பதே பிழை. ஒரு வழியை அடைத்துப் பணம் கேட்பதைத் தொழிலாளர் சட்டத்தின் மொழியில் விவரிக்கத் தொடங்கியவுடனேயே உரிமையாளர் பாதி வழக்கை இழந்துவிடுகிறார்.

இந்தப் பழக்கத்துக்குக் கேரளத்தில் ஒரு பெயரே உண்டு: நோக்குகூலி. வேலை செய்யாமல், பிறர் செய்வதைப் பார்த்துக்கொண்டு நிற்பதற்கு வாங்கும் கூலி. 2018 மே 1 முதல் அது முடிவுக்கு வந்துவிட்டதாக மாநில அரசு அறிவித்தது. அறிவிப்போடு அது ஓய்ந்துவிடவில்லை. 2021 செப்டம்பரில் திருவனந்தபுரத்தில் விக்ரம் சாராபாய் விண்வெளி மையத்துக்குக் கருவிகளை ஏற்றிச் சென்ற வாகனமே மறிக்கப்பட்டது. அதே ஆண்டில் கேரள உயர் நீதிமன்றம் நோக்குகூலியைப் பணம் பறிப்பாகவே பார்க்க வேண்டும் என்று காவல் துறையிடம் கடுமையாகச் சொன்னது. விண்வெளி மையத்தின் வாகனத்தையே நிறுத்த முடிந்தவர்களுக்கு, ஓடு ஏற்றி வரும் சிறு டெம்போ எம்மாத்திரம்?

ஆனால் இங்கே ஒரு நுணுக்கம் இருக்கிறது. இதைக் கவனிக்காமல் வழக்குத் தொடுத்துத் தோற்பவர்கள் உண்டு. சில மாநிலங்களில் சுமைப்பணிக்கென்றே தனிச் சட்டம் இருக்கிறது. மகாராஷ்டிரத்தில் 1969ஆம் ஆண்டின் மாத்தாடித் தொழிலாளர் சட்டம், கேரளத்தில் 1978ஆம் ஆண்டின் சுமைதூக்கும் தொழிலாளர் சட்டம். கேரளச் சட்டத்தின் திட்டம் நடைமுறையில் உள்ள பகுதிகளில், ஏற்று இறக்கு வேலை பதிவு பெற்ற தொழிலாளர்கள் வழியாகவே நடக்க வேண்டும். தன் ஊழியரைக் கொண்டு இறக்க விரும்பும் கடைக்காரர் அவர்களை அந்தச் சட்டத்தின்கீழ் பதிவு செய்துகொள்ள வேண்டும். வீட்டு உபயோகத்துக்கான சாமான்களுக்கு இந்தக் கட்டாயம் கிடையாது. தமிழ்நாட்டில் 1982ஆம் ஆண்டின் உடலுழைப்புத் தொழிலாளர் சட்டம் நல வாரியங்கள் வழியாக உதவிகள் கிடைக்க வழிசெய்கிறது. வாரிய அட்டை ஒருவரிடம் இருப்பதாலேயே ஒரு தெருவுக்கு வரும் சரக்கு முழுவதும் அவருக்குச் சொந்தமாகிவிடாது. தன் இடத்துக்கு எந்தச் சட்டம் பொருந்தும் என்பதை லாரி வருவதற்கு முன்பே கேட்டுத் தெரிந்துகொள்வது நல்லது.

சங்கத்தின் பக்கத்திலும் ஒரு நியாயம் இருக்கிறது. முதுகில் மூட்டை சுமப்பவரின் உழைக்கும் காலம் குறுகியது. பளுதூக்கும் இயந்திரமும் நேரடி விநியோகமும் ஆண்டுக்கு ஆண்டு அந்த வேலையைச் சுருக்கிக்கொண்டு வருகின்றன. அந்தத் தனிச் சட்டங்கள் எழுந்ததே அந்தப் பாதுகாப்பின்மையைப் போக்கத்தான். ஆனால் அந்த நியாயத்தைத் தீர்க்க வேண்டிய கடமையை வாசலில் வைத்து ஒரு கடைக்காரரின் தலையில் சுமத்தச் சட்டம் இடம் தரவில்லை.

சுருக்கமாக: சொந்த ஊழியர் என்றால் தொழிலாளர் துறையில் தொடங்க வேண்டும்; வெளியாள் மறிக்கிறார் என்றால், தனிச் சட்டம் ஏதும் பொருந்துகிறதா என்று பார்த்துவிட்டு, காவல் நிலையத்திலோ நீதிமன்றத்திலோ தொடங்க வேண்டும்.

எந்தக் கதவைத் தட்டுவது?

பல் வலிக்குக் கண் மருத்துவரிடம் போனால் அவர் திருப்பி அனுப்பத்தான் செய்வார். சட்டத்தின் கதவுகளும் அப்படியே.

காவல் நிலையம் குற்றத்துக்கு உரியது. 2024 ஜூலை 1 முதல் இந்திய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நியாய சன்ஹிதா இருக்கிறது. அதில் சிறு உரிமையாளருக்கு முக்கியமான பிரிவுகள் மூன்று. ஒருவர் போக உரிமையுள்ள திசையில் அவரைப் போகவிடாமல் தடுப்பது முறையற்ற தடுப்பு. இது 126ஆவது பிரிவு. ஒரு மாதம்வரை வெறுங்காவல் (கடுவேலை இல்லாத சிறை), ஐயாயிரம் ரூபாய்வரை அபராதம், அல்லது இரண்டும் என்று தண்டனை சிறியதுதான், ஆனால் பிடியாணை இல்லாமலே காவல் துறை நடவடிக்கை எடுக்கக்கூடிய குற்றம் இது. சுற்றி வளைத்து எந்தத் திசையிலும் போகவிடாமல் வைத்தால் அது முறையற்ற அடைப்பு, 127ஆவது பிரிவு. தீங்கு நேரும் என்ற அச்சத்தை ஊட்டிப் பணத்தைக் கொடுக்கவைப்பது அச்சுறுத்திப் பறித்தல். 308ஆவது பிரிவின்படி ஏழு ஆண்டுகள்வரை சிறைத் தண்டனை உண்டு. லாரியை விடமாட்டோம், பணம் கொடு என்ற பேச்சு முதல் பிரிவையும், சூழ்நிலையைப் பொறுத்து மூன்றாவதையும் தொடக்கூடும்.

இத்தகைய குற்றம் நடந்ததாகத் தகவல் கொடுத்தால் முதல் தகவல் அறிக்கை பதிய வேண்டியது கட்டாயம் என்று லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியலமைப்பு அமர்வு 2013இல் தீர்ப்பளித்தது. நிலையத்தில் மறுத்தால், புகாரின் சாரத்தை எழுத்தில் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கு அஞ்சலில் அனுப்பலாம். அங்கும் பலன் இல்லையென்றால் குற்றவியல் நடுவரிடம் மனுச் செய்யலாம். இந்த வரிசையை, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173ஆவது பிரிவு சொல்கிறது. அஞ்சல் ஒப்புகைச் சீட்டைப் பத்திரமாக வைத்திருக்க வேண்டும். பின்னால் உயர் நீதிமன்றத்துக்குப் போகும்போது அந்தச் சிறு தாள் பெரிய வேலை செய்யும்.

உரிமையியல் நீதிமன்றம் நாளை நடக்கப்போவதைத் தடுப்பதற்கு உரியது. அங்கே கேட்பது தடையாணை. இன்ன செயலைச் செய்யக் கூடாது என்று குறிப்பிட்டவர்களுக்கு நீதிமன்றம் இடும் கட்டளை அது. வழக்கு முடியும்வரைக்குமான இடைக்காலத் தடையாணை வழங்குவதற்கு முன் நீதிபதி மூன்றைப் பார்ப்பார். மனுதாரர் பக்கம் முதல் பார்வையிலேயே ஒரு நியாயமான வழக்கு இருக்கிறதா, தடை கொடுத்தால் யாருக்கு இடைஞ்சல் அதிகம், கொடுக்காவிட்டால் பின்னால் பணத்தால் ஈடுகட்ட முடியாத பாதிப்பு வருமா? எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு அனுப்பாமலே தடை கேட்கலாம். தாமதித்தால் நோக்கமே கெட்டுவிடும் என்று காட்டினால்தான் அது கிடைக்கும்.

இங்கே பலரும் செய்யும் பிழை, அளவுக்கு மீறிக் கேட்பது. சங்கம் எந்தப் போராட்டமும் செய்யக் கூடாது என்று கேட்டால் நீதிபதியின் மனத்தில் சங்க உரிமை பற்றிய ஐயம் எழும். வாகனங்களும் ஊழியர்களும் வாடிக்கையாளர்களும் வந்துபோவதைத் தடுக்கக் கூடாது, வளாகத்துக்குள் நுழையக் கூடாது, நுழைவாயிலிலிருந்து இத்தனை மீட்டருக்குள் கூடக் கூடாது என்று செயல்களை மட்டும் குறிப்பிட்டுக் கேட்டால் கிடைக்கும் வாய்ப்பு அதிகம். தடையாணையை மீறினால் சொத்தை முடக்கவும் மூன்று மாதம்வரை உரிமையியல் சிறையில் வைக்கவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. பதிவு பெற்ற சங்கத்தை அதன் பெயரிலேயே எதிர்வாதியாக்கலாம். பதிவில்லாத கூட்டமென்றால் முன்னின்று நடத்துபவர்களைப் பெயர் சொல்லிச் சேர்க்க வேண்டும்.

உயர் நீதிமன்றம், அரசு தன் கடமையைச் செய்யாதபோது போகும் இடம். அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் நீதிப்பேராணை கேட்கலாம். இங்கே கேட்கும் நீதிப்பேராணை, ஓர் அரசு அதிகாரியை அவருடைய சட்டக் கடமையைச் செய்யச் சொல்லும் உயர் நீதிமன்ற உத்தரவு. தொழில் நடத்தக் காவல் பாதுகாப்புத் தேவை, மனுக் கொடுத்தும் காவல் துறை அசையவில்லை என்பதே இத்தகைய மனுக்களின் உள்ளடக்கம். முதலில் காவல் துறையிடம் எழுத்தில் கேட்டிருக்க வேண்டும். அதில்லாமல் நேராகப் போனால், அங்கே போய்க் கேட்டுவிட்டு வாருங்கள் என்று திருப்பி அனுப்பப்படும் வாய்ப்பே அதிகம்.

புகாரை எப்படி எழுதுவது?

"சங்கத்தினர் எங்களுக்குத் தொடர்ந்து தொல்லை கொடுத்து, தொழில் செய்யவிடாமல் அராஜகம் செய்கிறார்கள்" என்று தொடங்கும் புகாரில் கோபம் இருக்கிறது, குற்றம் இல்லை. படிக்கும் அதிகாரிக்கு அது ஒரு தகராறாகத் தெரியும். தகராறு என்றால் லேபர் ஆபீஸ் என்பது அவர் பழக்கம். அதையே, இன்ன தேதியில், காலை பத்தரை மணிக்கு, இன்ன எண்ணுள்ள லாரியை நான்கு பேர் முன்னால் நின்று மறித்தார்கள், அவர்களில் இருவருடைய பெயர் இவை, இத்தனை ரூபாய் கொடுத்தால்தான் லாரி நகரும் என்றார்கள், பகல் ஒரு மணிவரை லாரி நகரவில்லை, ஓட்டுநரும் ஓர் ஊழியரும் பார்த்தார்கள் என்று எழுதினால் அதில் 126ஆவது பிரிவு தானாகத் தெரியும். கண்காணிப்புக் கேமராப் பதிவைச் சில நாள்களில் அதன் சாதனமே அழித்துவிடும் என்பதால் அன்றைக்கே பிரதி எடுத்துவைக்க வேண்டும். பணம் கொடுக்க நேர்ந்துவிட்டால் ரசீது கேளுங்கள். தந்தால் அது சான்று, மறுத்தால் கேட்டதையும் மறுத்ததையும் புகாரில் எழுதலாம்.

உரிமையாளர் தன் பக்கத்தில் பார்க்க வேண்டியவை

தடையாணை கேட்டுப் போகும் உரிமையாளரிடம் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் முதலில் கேட்பது சம்பளப் பதிவேடுதான். குறைந்தபட்ச ஊதியம் கொடுக்காமல், பத்து ஊழியர்கள் இருந்தும் இ.எஸ்.ஐ. பிடிக்காமல், இருபது பேர் இருந்தும் வருங்கால வைப்பு நிதி கட்டாமல் இருந்துவிட்டு, நீதிமன்றத்தில் நியாயம் கேட்பது கடினம். தடையாணை என்பது நீதிபதி தம் விருப்புரிமைப்படி வழங்கும் நிவாரணம். உண்மையை மறைத்தவருக்கு அது கிடைக்காது.

பதிலடியாகச் செய்யும் காரியங்கள்தாம் பெரும்பாலும் வினையாகின்றன. சங்கத்தில் சேர்ந்ததற்காக ஒருவரை வேலையைவிட்டு நீக்குவதும், சங்கம் வைத்தால் கடையை மூடிவிடுவேன் என்று மிரட்டுவதும், தனக்கு வேண்டியவர்களை வைத்துப் பொம்மைச் சங்கம் அமைப்பதும் அதே இரண்டாம் அட்டவணையில் முதலாளியின் பக்கத்தில் இருக்கின்றன. இந்த அட்டவணையை எந்தத் தரப்பு மீறினாலும் பத்தாயிரம் முதல் இரண்டு லட்சம் ரூபாய்வரை அபராதம். கோபத்தில் ஷட்டரை இறக்கிப் பூட்டிவிட்டால் அது கதவடைப்பு ஆகும். அதற்கும் பதினான்கு நாள் முன்னறிவிப்பு வேண்டும், மீறினால் தொழிலாளிக்கு விதிக்கும் அபராதத்தைவிடப் பல மடங்கு அதிகம். ஆட்களைக் கூட்டிவந்து மறியலைக் கலைக்கும் உரிமையாளரோ, காலையில் புகார்தாரராக இருந்து மாலையில் குற்றம் சாட்டப்பட்டவராகிவிடுவார்.

தடையாணை கிடைத்த அன்றே செய்யவேண்டிய வேலை ஒன்று இருக்கிறது. எதிர்த்தரப்பைக் கேட்காமல் வழங்கப்பட்ட உத்தரவு என்றால், அதன் நகலையும் மனுவையும் ஆவணங்களையும் உடனடியாக எதிர்வாதிகளுக்கு அனுப்பி, அனுப்பியதற்கான பிரமாண வாக்குமூலத்தை அன்றோ மறுநாளோ நீதிமன்றத்தில் தாக்கல் செய்ய வேண்டும். இதைச் செய்யாததாலேயே கையில் வந்த தடையாணையை இழந்தவர்கள் உண்டு. சான்றளிக்கப்பட்ட இன்னொரு நகலைக் காவல் நிலையத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரையோடு கையொப்பம் வாங்கிக்கொண்டால், அடுத்த லாரி வரும் நாளில் அந்தத் தாளை எடுத்து நீட்டலாம்.